ரப்பர் பாலில் செய்த வெட்சூட்: ஒரு குளிர்காலம் போட்டுப் பார்த்தபின்

கலிபோர்னியாவின் சாந்தா குரூஸில் கடல் வருடம் முழுக்கக் குளிர்தான். செப்டம்பர், அக்டோபரில் தண்ணீர் 15 டிகிரி செல்சியஸுக்குப் பக்கம் வந்துவிட்டால் ஊர்க்காரர்கள் கோடை வந்த மாதிரி சந்தோஷப்படுவார்கள். ஏப்ரல், மே மாதங்களில் வடமேற்குக் காற்று மேல்நீரைத் தள்ளிக்கொண்டு போக, அடியாழத்திலிருந்து குளிர்நீர் ஏறி வந்து 11, 12 டிகிரிக்கு இறங்கிவிடும். உடம்போடு ஒட்டிய ரப்பர் உடையான வெட்சூட் இல்லாமல், அலையில் சறுக்கும் சர்ஃபிங் பலகையோடு இறங்கினால் கால்மணி நேரத்தில் விரல் மரத்துப்போகும். ஜாக் ஓ'நீல் 1952இல் சான் பிரான்சிஸ்கோவில் திறந்த சர்ஃப் கடையை 1959இல் இங்கே கொண்டுவந்தார். கடலுக்குள் உடம்பு சூடாக இருக்க ஒரு உடை வேண்டும் என்ற ஊரின் தேவையிலிருந்து பெரிய தொழிலே வளர்ந்தது. இன்று கலிபோர்னியாவில் சர்ஃபிங் பழகும் யாரிடமும் பலகையாவது இரவலாக இருக்கும், வெட்சூட் சொந்தமாக இருக்கும்.

நியோபிரீன் என்ற செயற்கை ரப்பரில் செய்த என் பழைய உடை முழங்காலிலும் அக்குளிலும் பிரிந்து, ஒட்டவும் முடியாத நிலைக்கு வந்தபோது, யூலெக்ஸ் என்ற இயற்கை ரப்பரில் செய்த முழுக்கை வெட்சூட் ஒன்று வாங்கினேன். எந்த பிராண்டு என்று எழுதவில்லை. 2008இல் இந்த ரப்பரைத் தரும் யூலெக்ஸ் நிறுவனத்தோடு சேர்ந்து இந்த வேலையைத் தொடங்கியது படகோனியா என்ற அமெரிக்க உடை நிறுவனம். தாங்கள் கற்றதைத் தங்களுக்குள்ளேயே வைத்துக்கொள்ளாமல் 2014இல் மற்ற நிறுவனங்களுக்கும் திறந்துவிட்டார்கள். அதனால் பிரிட்டனின் ஃபினிஸ்டெர் உட்படப் பலர் இன்று இதே ரப்பரில் தைக்கிறார்கள். தையலும் ஜிப்பும் பிராண்டுக்கு பிராண்டு மாறும். நான் எழுத வந்தது ரப்பரைப் பற்றி. நான் கன்னியாகுமரி மாவட்டத்தில் குலசேகரம் பக்கம் பிறந்தவள். எங்கள் வீட்டுக்குப் பின்னால் நின்றதே ரப்பர் மரம்தான்.

முதலில் உடையைப் பற்றி. பெட்டியைத் திறந்ததும் தெரிந்த வித்தியாசம் வாசனை. புது நியோபிரீன் உடையிலிருந்து வரும் தலைவலிக்கிற பசைநெடி இதில் மிகக் குறைவு. கையில் எடுத்தால் கொஞ்சம் கனம் கூடுதல். முதல் சில வாரங்கள் தோள்பட்டையில் பிடித்தது. துடுப்பு போடும்போது, அதாவது பலகையில் குப்புறப் படுத்துக் கையால் தண்ணீரைத் தள்ளும்போது, விலையுயர்ந்த நியோபிரீன் உடைகளில் கை தானாகப் போவது போலிருக்கும். இதில் அந்த லேசு உடனே வரவில்லை. ஒரு மாதம் போலப் போட்டுப் பழகியபின் தோள் இளகிவிட்டது. இப்போது எங்கள் ஊர் அலைத்துறையான பிளெஷர் பாயிண்டில் இரண்டு மணி நேரம் கிடந்தாலும் கை சோர்வுக்கு உடையைக் குற்றம் சொல்ல மாட்டேன்.

சூடு விஷயத்தில் எந்தக் குறையும் இல்லை. உள்ளே சின்னக் கட்டம் கட்டமாகப் பஞ்சு போன்ற லைனிங் இருக்கிறது. அது மறுசுழற்சி செய்த பாலியெஸ்டர். மே மாதக் காலையில், மூடுபனி கரைவரை இறங்கியிருக்கும்போது இறங்கினேன். கால் பாதமும் காதும்தான் குளிர்ந்தன, மார்பும் முதுகும் கதகதப்பாகவே இருந்தன. பழைய உடையில் இதே தண்ணீரில் ஒரு மணி நேரத்தில் பல் அடிக்கத் தொடங்கும்.

கழற்றுவதுதான் பாடு. மார்பின் குறுக்கே ஜிப் வைத்த உடை; ஈரமான ரப்பர் மணிக்கட்டையும் கணுக்காலையும் விடுவதே இல்லை. வண்டியின் பின்கதவைத் திறந்து வைத்துக்கொண்டு, துண்டைக் கட்டிக்கொண்டு, ஒவ்வொரு கையாக உரித்து எடுக்க வேண்டும். மணிக்கட்டுப் பட்டையை முதலில் வெளிப்பக்கம் மடித்துவிட்டு அப்புறம் இழுத்தால் சுலபம். பெண்களுக்கான அளவுகளில் இடுப்புக்கும் தோளுக்கும் உள்ள விகிதம் நம்மூர் உடல்வாகுக்குச் சரியாக வருவதில்லை என்பதும் உண்மை. என் உயரத்துக்கு எடுத்தால் மேல்புறம் தளர்ந்தது, மார்பளவுக்கு எடுத்தால் கால் நீண்டது. உடையின் கீழ்முதுகில் தண்ணீர் தேங்கினால் உள்ளே இருக்கும் சூடெல்லாம் போய்விடும். அதனால் உயரத்தை விட்டுவிட்டு மார்பளவையும் இடுப்பையும் பார்த்து எடுங்கள். கால் நீளம் கூடினால் மடித்துக்கொள்ளலாம்.

பராமரிப்பில் நம் வீட்டுப் பெண்கள் கவனிக்க வேண்டிய ஒன்று உண்டு. இயற்கை ரப்பருக்கு எண்ணெய் ஆகாது. தலையில் தேங்காய் எண்ணெய் வைத்துக்கொண்டு இதைப் போடாதீர்கள். கழுத்துப் பட்டை எண்ணெயை உறிஞ்சி ஊதிப்போய்த் தளர்ந்துவிடும். கழுத்தில் உராய்வுக்கு வாசலின் தடவும் வழக்கம் இங்கே பலருக்கு இருக்கிறது. அதுவும் கூடாது, பெட்ரோலியத்திலிருந்து வருவது அது. நியோபிரீன் எண்ணெயைக் கொஞ்சம் தாங்கும், மரத்துப் பால் தாங்காது. வெயிலும் ஆகாது. நல்ல தண்ணீரில் அலசி, நிழலில், இடுப்பில் மடித்துத் தொங்கவிட வேண்டும். ரப்பர் ஷீட்டை வெயிலில் போட்டால் என்ன ஆகும் என்று குமரி மாவட்டத்தில் எந்த வீட்டுப் பிள்ளையைக் கேட்டாலும் சொல்லும்.

ரப்பர் என்றதும் ஒவ்வாமை பற்றிக் கேட்பார்கள். நான் வேலை செய்யும் ஆய்வகத்தில் லேடெக்ஸ், அதாவது ரப்பர் பால், கையுறைகளை எப்போதோ நிறுத்திவிட்டார்கள். யூலெக்ஸ் நிறுவனம் தொடங்கியதே அந்தச் சிக்கலிலிருந்துதான். அமெரிக்கத் தென்மேற்கிலும் மெக்சிகோவிலும் வறண்ட நிலத்தில் வளரும் குவாயுலே என்ற புதரின் பாலில் மருத்துவக் கையுறை செய்தார்கள். முதல் வெட்சூட்டுகளும் அந்தப் புதரில்தான். பிறகு நம் ரப்பர் மரமான ஹெவியாவுக்கு மாறி, ஒவ்வாமை தரும் புரதங்களைப் பெருமளவு நீக்கிவிட்டுப் பயன்படுத்துகிறார்கள். லேடெக்ஸ் ஒவ்வாமை கடுமையாக உள்ளவர்கள் மருத்துவரைக் கேட்காமல் வாங்க வேண்டாம். எனக்கு அரிப்பு எதுவும் இல்லை.

சரி, நியோபிரீனுக்கு என்ன குறை?

நியோபிரீன் செய்ய முதலில் குளோரோபிரீன் என்ற வேதிப்பொருள் வேண்டும். 2010இல் அமெரிக்கச் சுற்றுச்சூழல் பாதுகாப்பு முகமை அதை மனிதருக்குப் புற்றுநோய் வரவழைக்கக்கூடியது என்று வகைப்படுத்தியது. அமெரிக்காவில் நியோபிரீன் செய்து வந்த ஒரே ஆலை லூசியானா மாநிலத்தில், மிசிசிப்பி ஆற்றங்கரையில், லாப்ளேஸ் என்ற ஊரில் இருக்கிறது. டுபாண்ட் கட்டியது, 2015இல் ஜப்பானின் டென்கா நிறுவனத்துக்குக் கைமாறியது. வேலியைத் தாண்டினால் கறுப்பின மக்கள் பெரும்பான்மையாக வாழும் வீடுகள், சிறு பிள்ளைகள் படித்த தொடக்கப்பள்ளி. காற்றினால் வரும் புற்றுநோய் அபாயம் நாட்டிலேயே மிக அதிகமான பகுதிகளில் ஒன்று என்று அந்த வட்டாரத்தை அரசின் கணக்கீடே காட்டியது. 2023இல் அமெரிக்க அரசு வழக்குப் போட்டது, 2025 மார்ச்சில் அதே அரசு வழக்கைத் திரும்பப் பெற்றது. அடுத்த சில வாரங்களில், மே மாதம், நஷ்டத்தைக் காரணம் காட்டி ஆலை உற்பத்தியை நிறுத்திவைத்தது. பத்தாண்டுகளாக நியாயம் கேட்டுப் போராடிய மக்களுக்குத் தீர்ப்பு என்று ஒன்று கிடைக்கவே இல்லை. இதை வாசித்த நாளிலிருந்து, கடலை நேசிக்கிறேன் என்று சொல்லிக்கொண்டு அந்த ரப்பரை மறுபடியும் உடம்பில் ஏற்ற என்னால் முடியவில்லை.

கடைகளில் 'சுண்ணாம்புக்கல் நியோபிரீன்' என்று ஒன்றைப் பசுமைப் பொருளாக விற்கிறார்கள். பெட்ரோலியத்துக்குப் பதில் சுண்ணாம்புக்கல்லைப் பெரும் வெப்பத்தில் சுட்டு, கால்சியம் கார்பைடு ஆக்கி, அதிலிருந்து அசெட்டிலீன் எடுத்து, கடைசியில் வந்து சேர்வது அதே குளோரோபிரீன்தான். கல் தோண்ட வேண்டும், அதைச் சுட மின்சாரமோ நிலக்கரியோ எரிய வேண்டும். உடை மென்மையாக இருக்கிறது என்பது உண்மை. பசுமை என்று எழுதுவது நேர்மையில்லை. இந்த ஒரு வரிக்காக அந்த உடையை வாங்க நினைப்பவர்கள் தயவுசெய்து மறுபடி யோசியுங்கள்.

இயற்கை ரப்பருக்கு மாறினால் ரப்பர் தயாரிப்பில் வெளியாகும் கரியமில வாயு 80 சதவீதம் வரை குறையும் என்று தயாரிப்பாளர்கள் சொல்கிறார்கள். அது அவர்கள் சொல்லும் கணக்கு. லைனிங் துணி, பசை, ஜிப் எல்லாம் அப்படியே இருக்கின்றன. ரப்பரும் முழுக்க மரத்துப் பால் கிடையாது. வழக்கமான கலவை 85 சதவீதம் இயற்கை ரப்பர், 15 சதவீதம் செயற்கை ரப்பர். வெயிலையும் ஓசோனையும் தாங்கத்தான் அந்தச் செயற்கைப் பங்கு. கிழிந்தபின் மண்ணில் போட்டால் மக்கிவிடும் என்று யாராவது சொன்னால் நம்பாதீர்கள்.

மரத்துப் பால் என்பதாலேயே அது சுத்தமாகிவிடுவதும் இல்லை. தென்கிழக்கு ஆசியாவில் ரப்பருக்காக 1990களிலிருந்து அழிந்த காடு 40 லட்சம் ஹெக்டேருக்கு மேல். காட்டை வெட்டிவிட்டு நட்ட மரத்தின் பாலில் உடை செய்து அதற்குப் பச்சை முத்திரை குத்துவது பெரிய பாவம். அதனால்தான், காட்டை அழிக்காமல் பொறுப்போடு நடத்தும் தோட்டங்களுக்குத் தரப்படும் எஃப்.எஸ்.சி. சான்று பெற்ற தோட்டத்துப் பால்தானா என்று கட்டாயம் பார்க்க வேண்டும். என் உடையின் உள்பக்கத் துணியில் அந்த முத்திரை இருக்கிறது. தோட்டம் எந்த நாட்டில் இருக்கிறது என்பது இல்லை. நான் வாங்கிய கடையில் கேட்டேன். விற்பவர் நல்ல பிள்ளை, பொறுமையாகத் தேடிப் பார்த்தார், சொல்ல முடியவில்லை.

வாங்கிய வாரம் அப்பாவிடம் போனில் சொன்னேன். அவருக்குத் திருவட்டாறு பக்கம் கொஞ்சம் ரப்பர் நிற்கிறது. "ரப்பர் பால்ல சட்டையா மக்ளே? எத்தர கிலோ இருக்கும்?" என்றார். உடை முழுவதுமே இரண்டு கிலோவைச் சுற்றித்தான் என்றேன். விலை ஐந்நூறு டாலருக்கு மேல் என்றதும் கொஞ்ச நேரம் பேசவில்லை. அப்புறம் அவர் கணக்குப் போட்டார். கோட்டயம் சந்தையில் 2011இல் கிலோ 240 ரூபாயைத் தொட்ட ஷீட், 2016 தொடக்கத்தில் 100 ரூபாய்க்கும் கீழே போனது. அந்த வருடங்களில் எங்கள் பக்கம் எத்தனையோ பேர் பால் வெட்டாமல் மரத்தை அப்படியே விட்டார்கள், சிலர் மரத்தையே விற்றார்கள். 2024 ஆகஸ்டில்தான் விலை திரும்ப 240ஐத் தாண்டியது. அந்த உச்ச விலையில் வைத்தாலும் இரண்டு கிலோ ஷீட் ஆறு டாலரைச் சுற்றித்தான் வரும். பாலைச் சுத்திகரிக்க, நுரையாக்க, தைக்கச் செலவு உண்டு, அது எனக்கும் தெரியும். ஆனாலும் பால் வெட்டும் கூலியாளை நினைத்து அப்பா கேட்ட "வெட்டுகாரனுக்கு என்ன கெடச்சுது?" என்ற கேள்விக்கு இந்த உடையோடு வந்த எந்த அட்டையிலும் பதில் இல்லை.

பால் வெட்டு என்றால் என்ன என்று தெரிந்தவர்களுக்கு அந்தக் கேள்வியின் கனம் புரியும். விடியுமுன் தலையில் விளக்கைக் கட்டிக்கொண்டு போக வேண்டும். வெயில் ஏறுமுன் வெட்டினால்தான் பால் நன்றாக வடியும். பட்டையில் மயிரிழை அளவு சீவ வேண்டும். ஆழமாகப் போனால் மரம் காயப்படும், மேலோட்டமாகப் போனால் பால் வராது. சிரட்டையில் சேர்ந்ததை வாளியில் எடுத்து, ஆசிட் விட்டு உறைய வைத்து, உருளையில் கொடுத்து ஷீட் அடித்து, புகைப்புரையில் தொங்கவிட வேண்டும். மழை பெய்தால் வெட்டு இல்லை, வெட்டு இல்லாவிட்டால் கூலி இல்லை. தை, மாசியில் இலை உதிர்ந்தாலும் அதே கதை. கீரிப்பாறை, சிற்றாறு, மணலோடைப் பக்கம் 1984இல் தொடங்கிய அரசு ரப்பர் கழகத்தின் தோட்டங்களில் வேலை செய்பவர்களில் இலங்கையிலிருந்து திரும்பி வந்த மலையகத் தமிழ்க் குடும்பங்கள் நிறைய. அவர்கள் கூலி உயர்வுக்காக எத்தனையோ முறை வேலைநிறுத்தம் செய்திருக்கிறார்கள். ஒரு வெட்சூட் பிராண்டு மரத்தைப் பற்றி அவ்வளவு பேசும்போது, மரத்தடியில் நிற்கும் ஆளைப் பற்றி ஒரு வரியாவது எழுத வேண்டும் என்று நான் எதிர்பார்ப்பது அதிகம் இல்லை.

சர்ஃபிங் தொழில் இப்போது நல்ல நிலையில் இல்லை. கொரோனா காலத்தில் வீட்டில் அடைந்து கிடந்தவர்களெல்லாம் கடலுக்கு வந்தார்கள், பலகையும் உடையும் கிடைக்காமல் தட்டுப்பாடு. நிறுவனங்கள் கண்டபடி தயாரித்துக் குவித்தன, கூட்டம் குறைந்ததும் சரக்கு தேங்கியது. பில்லபாங், குயிக்சில்வர், வோல்காம் கடைகளை அமெரிக்காவில் நடத்திவந்த லிபரேட்டட் பிராண்ட்ஸ் 2025 பிப்ரவரியில் திவால் மனு கொடுத்து, நூற்றுக்கும் மேற்பட்ட கடைகளை மூடியது. அந்தப் பெயர்களின் உரிமை அத்தெண்டிக் பிராண்ட்ஸ் குழுமத்திடம் இருக்கிறது. பெயரை வாடகைக்கு விடுவதுதான் அதன் வியாபாரம். இதனால் வாங்குபவருக்கு என்ன என்று கேட்டால், இங்கே தள்ளுபடி அலமாரிகளில் நியோபிரீன் உடைகள் பாதி விலைக்குத் தொங்குகின்றன. ரப்பர் உடைக்கு அந்தத் தள்ளுபடி அரிதாகவே வருகிறது. மாணவர் ஒருவர் பாதி விலை உடையை எடுத்துக்கொண்டு போனால் அவரைக் குறை சொல்ல எனக்கு மனம் வராது. ஆனால் ஒரே உடையை வெவ்வேறு சின்னம் போட்டு விற்கும் தொழிலில், தைவானின் ஷெய்கோ குழுமம் ஒன்றே உலகின் வெட்சூட்டுகளில் பெரும்பகுதியைத் தைக்கும் நிலையில், அங்கே பொருள் மாறினால் எல்லா பிராண்டிலும் மாறும். நியோபிரீனை நிறுத்துவது கைக்கு எட்டாத காரியம் இல்லை.

சர்ஃபிங் தொழில் ஒரே நாளில் மாற முடியும் என்பதற்கு இங்கே பலரும் சொல்லும் உதாரணம் உண்டு. அமெரிக்காவில் பலகைக்கான நுரைக் கட்டைகளில் பத்தில் ஒன்பதைச் செய்துவந்த கிளார்க் ஃபோம் 2005 டிசம்பர் 5 அன்று முன்னறிவிப்பே இல்லாமல் மூடியது. அவர்கள் பயன்படுத்திய டி.டி.ஐ. என்ற நச்சு வேதிப்பொருள் குறித்த கெடுபிடியும் காரணங்களில் ஒன்று. பலகை செய்பவர்கள் தவித்துப்போனார்கள். ஆனால் அந்த இடைவெளியில்தான் வேறு நுரைகளும், பலகையின் மேல் பூசும், தாவர எண்ணெய் கலந்த ரெசின்களும் நுழைந்தன. யாரும் சர்ஃபிங்கை விட்டுவிடவில்லை.

விலைக்கு இந்த உடை தகுமா? ஒரு குளிர்காலம் முழுக்கப் போட்டபின் தையல் எங்கும் பிரியவில்லை. முழங்காலில் பாறை உரசிய இடத்தில் மேல்துணி கொஞ்சம் தேய்ந்திருக்கிறது. கழுத்துப் பட்டை தொடக்கத்தில் இருந்த இறுக்கத்திலேயே இருக்கிறது. நியோபிரீன் உடையை நான் இரண்டு, மூன்று குளிர்காலத்துக்கு மேல் ஓட்டியதில்லை. இது அதைத் தாண்டினால் விலை கிட்டத்தட்ட சமமாகிவிடும். வளைவும் இழுவையும் மட்டுமே முக்கியம் என்று போட்டிகளில் இறங்குபவர்களுக்கு இது முதல் நாளே பிடிக்காது. வாரம் ஒன்றிரண்டு முறை இறங்கும் என்னைப் போன்றவர்கள் தயங்காமல் வாங்கலாம்.

ஆனால் கையில் இருக்கும் உடை நன்றாக இருந்தால், அது நியோபிரீனாகவே இருந்தாலும், தூக்கிப் போடாதீர்கள். செய்தது செய்தாயிற்று, அது கிழியும்வரை போடுவதுதான் சரி. கிழிசலுக்கு வெட்சூட் பசை ஒரு குழாய் வாங்கி, இரண்டு பக்கமும் மெல்லத் தடவி, சில நிமிடம் காய விட்டு, அப்புறம் அழுத்தி ஒட்டுங்கள். இயற்கை ரப்பருக்கும் அதே வழிதான்.

சென்னையிலிருந்து என் சித்தி மகன், கோவளத்தில் பழகுகிறான், இதை வாங்கி அனுப்பச் சொன்னான். வேண்டாம் தம்பி என்றேன். கோவளத்திலும் மாமல்லபுரத்திலும் தண்ணீர் வருடம் முழுக்க வெதுவெதுப்பு. இந்த உடையைப் போட்டால் வெந்துபோவான். வெயிலுக்கு ஒரு முழுக்கைப் பனியன் போதும். மெல்போர்ன், லண்டன், டொராண்டோ பக்கம் இருப்பவர்களுக்குத்தான் இந்த மதிப்பீடு உதவும். அவர்கள் தண்ணீரின் வெப்பத்தைப் பார்த்து தடிமனைத் தேர்ந்தெடுக்க வேண்டும். 11, 12 டிகிரிக்கு மார்பில் நான்கு மில்லிமீட்டருக்குக் குறையாமல் எடுங்கள்; 9க்குக் கீழே தலைமூடியோடு வரும் உடைதான் வேண்டும். கால் பாதம் குளிர்ந்தது என்று மேலே எழுதினேன் அல்லவா, அதற்கு ரப்பர் காலுறை வாங்கப் போகிறேன். யூலெக்ஸில் வந்திருக்கிறது. எந்த நாட்டுத் தோட்டத்துப் பால் என்று கேட்டுத் தயாரிப்பாளருக்கு மின்னஞ்சல் போட்டிருக்கிறேன், பதில் வந்தபின் வாங்குவேன்.